என் வளவில் அவன் பேர்

கல்லப் பாக்கவா வந்தீங்க மகள்? வாங்க. படலையத் தள்ளிட்டு வாங்க, நாய் கடிக்காது. அந்த வெண்டிப் பாத்தியில மட்டும் மிதிச்சிடாதங்க. போன கிழமை வந்த ஆக்கள் எல்லாத்தையும் மிதிச்சிட்டுப் போயிட்டாங்க. அவங்களுக்குப் படம் எடுக்கிற அவசரம்.

அதுதான் கல்லு. நாட்டுட கிழக்கு அந்தம். அதுக்கு அங்கால நிலமே இல்ல, தண்ணிதான். நாட்டுட கிழக்கு அந்தம் என்ட குசினிக்குப் பின்பக்கம் கிடக்கு, பாத்தீங்களா. கோழிக்கூடு மேற்கால, கல்லு கிழக்கால.

பேர வாசிச்சிட்டீங்களா? மூண்டு மொழியிலயும் வெட்டிக் கிடக்கு. தருமரெத்தினம் முனை. அந்தப் பேர நான் என்ட வாயால சொல்றது இந்த ஒருக்காத்தான், உங்களுக்கு விளங்கணும் எண்டதுக்காக. மறுகா இந்த வளவுக்குள்ள நீங்களும் சொல்லாதங்க.

இரிங்க, பிளேன்டி ஊத்துறன். ஆட்டோக்காரர நிக்கச் சொல்லுங்க. கதையத் தெரியாமப் படத்த மட்டும் எடுத்துட்டுப் போய், அப்பிடி ஒரு பெரிய மனிசன் அந்தக் காலத்தில இரிந்தாராம் எண்டு நீங்க ஊரெல்லாம் சொல்லித் திரியப்படாது. அதுக்குத்தான் இரிக்கச் சொல்றன்.

பெரிய மனிசனும் இல்ல, ஒண்டும் இல்ல. என்ட தம்பி. கரைவலைக்காரன். உசிரோடதான் இரிக்கான். ஆத்துக்கு அங்கால நீலத் தகரம் போட்ட வீடு தெரியுதா? அதிலதான் இரிக்கான். அதுவும் அவன்ட வீடில்ல. பொஞ்சாதி கனகத்துட வீடு.

நீங்க எந்த ஊர்? வவுனியாவா. அப்ப எங்கட பக்கத்துப் பழக்கம் உங்களுக்குத் தெரியாது. இஞ்ச காணி, வீடு எல்லாம் பொம்புளப் புள்ளைக்குத்தான். அம்மாட்ட இரிந்து மகளுக்குப் போகும். ஆம்புளப் புள்ளை கலியாணம் முடிச்சா கட்டின உடுப்போட பொஞ்சாதி வீட்டுக்குப் போறது. இந்தக் காணி என்ட அம்மாட. அம்மா எனக்குத் தந்தா. நான் என்ட மகள் நிரோஜாவுக்குக் குடுக்க வச்சிரிந்தன். ஒரே புள்ளை எனக்கு. அவள்ட தகப்பன் சுனாமியோட போயிட்டார்.

அப்ப கணக்குப் பாருங்க. என்ட தம்பிக்கு இந்த உலகத்தில ஒரு சாண் மண் சொந்தமில்ல. தோணி எண்டாலும் அவன்டதா? அது கனகத்துட தகப்பன்ட தோணி. எங்கட அப்பா செத்த நேரம் அவனுக்கு மீசை முளைக்கல்ல. அண்டையில இரிந்து ஊர் வலையெல்லாம் இழுத்து இந்த வீட்டக் கட்டினான். என்ட சீதன வீடு. சீமெந்து குழைச்சதும் அவன், கல்லு அடுக்கினதும் அவன். சுனாமியில விழுந்த சுவரத் திருப்பி எழுப்பினதும் அவன்தான். அதொண்டும் புதினமில்ல. எங்கட பக்கம் அக்கா தங்கச்சிக்கு வீடு கட்டாமத் தம்பிமார் கலியாணம் முடிக்க ஏலா. எல்லாத் தம்பிமாரும் செய்யிறதுதான்.

இத ஏன் சொல்றன் எண்டா, ஒண்டும் இல்லாதவனுக்குத்தான் ஆசை கூட. ஒரு சாண் மண் இல்லாதவன், நாட்டுட ஒரு அந்தத்தையே எடுத்துட்டுப் போயிட்டான் பாருங்க.

அளக்க வந்தது ஆடி மாசம். சர்வேயர் ஆக்கள். நாட்டுட கிழக்கு அந்தம் எது, மேற்கு அந்தம் எது எண்டு சரியா அளந்து, ரெண்டு பக்கமும் கல்லு நட்டுப் பேர் வைக்கிறதாம். முந்தியும் ஆரோ அளந்ததுதானாம். ஆனா கடல் கரையத் திண்டு திண்டு, இப்ப எந்த இடம் முன்னுக்கு நிக்கிதெண்டு ஆருக்கும் தெரியாதாம். வடக்கால ஒரு பாறையப் பாத்தாங்களாம். அது தண்ணி வத்தினாத்தான் தலையக் காட்டும். நிலமெண்டு எடுக்க ஏலாதெண்டு விட்டுட்டாங்களாம். மறுகா என்ட தென்னந்தோட்டத்து முனைக்கு வந்து, ஒரு பெட்டிய முக்காலியில வச்சு, வானத்தோட கதைச்சு, இதுதான் எண்டு சொல்லிட்டாங்களாம்.

எல்லாம் 'ஆம்' போட்டுச் சொல்றன் எண்டு பாக்கிறீங்களா? நான் அந்த நேரம் இஞ்ச இல்ல. கதிர்காமத்துக்கு நடந்து போயிட்டன். நிரோஜாட கலியாணத்துக்கு வச்ச நேத்திக்கடன். நான் காட்டுக்குள்ளால கால் வெடிக்க நடந்து போறன், இவன் இஞ்ச நிண்டு என்ட காணிக்குத் தன்ட பேர வாங்கிறான்.

எப்பிடி வாங்கினான் எண்டு கேளுங்க. அளந்து முடிய சர்வேயர் ஐயா கேட்டிரிக்கார், இந்த இடத்துக்கு என்ன பேரெண்டு. உண்மையில பேர் ஒண்டும் இல்ல. வலை இழுக்கிற ஆக்கள் கரைக்குப் பேர் சொல்றது வாடியப் பாத்துத்தான். வாடி எண்டா வலை, கயிறு எல்லாம் போட்டு வைக்கிற கொட்டில். தென்மேற்கால சோழகக் காத்து எழும்பினா ஒவ்வொருத்தரும் ஒரு இடத்தில வாடி போடுவாங்க. அந்தக் கரை அந்தப் பருவம் முழுக்க அவன்ட பேர்தான். மாரி பிறந்தா வாடியும் போயிரும், பேரும் போயிரும். அடுத்த வரியம் வேற ஆள், வேற பேர். அந்த வரியம் என்ட முனையில வாடி போட்டது இவன். பாவம் எண்டு நான்தான் போட விட்டனான். அப்ப வலைகாரங்க நாலு பேர் நிண்டவங்க, இது இன்னார்ட வாடி எண்டு சொல்லியிரிக்காங்க. சர்வேயர் ஐயா அப்பிடியே எழுதிட்டார். ஒரு பருவத்துப் பேர், கல்லுக்கு ஏறிட்டு.

வலைகாரங்க சொன்னா சொல்லட்டும். எனக்கு அவங்களோட ஒரு கோவமும் இல்ல. இவன் பக்கத்தில நிண்டிரிக்கான். தோள்ல கயிறு, வாயில வெத்திலை. ஐயா, இது என்ட அக்காட காணி, யோகம்மாட காணி எண்டு ஒரு சொல்லு. அத மட்டும் சொல்லியிரிந்தா அந்தக் கல்லில என்ட பேர் நிக்கும். என்ட அம்மாட பேர் எண்டாலும் நிக்கும். சொல்லல்ல. சிரிச்சிக்கிட்டு நிண்டானாம். பாத்த ஆக்கள் வந்து எனக்குச் சொன்னாங்க.

கதிர்காமத்தால வந்து நான் வீட்டுக்குள்ள ஏறல்ல. தலையில இரிந்த மூட்டைய இறக்கல்ல. நேரா முனைக்குப் போனன். கல்லு நட்டு சீமெந்து காயல்ல. இவன் வாடிக்குள்ள இரிந்து கிழிஞ்ச வலையப் பொத்திக்கிட்டு இரிந்தான். என்னக் கண்டதும் எழும்பினான்.

"என்னடா இது?"

"கல்லு அக்கா."

"கல்லெண்டு எனக்குத் தெரியும். ஆர்ட பேர்டா இது?"

கீழ பாத்தான். "அவங்க கேட்டாங்க அக்கா, இவங்க சொல்லிட்டாங்க. நான் சும்மாதான் நிண்டன்."

"உனக்கு வாய் இல்லையா? என்ட காணி எண்டு உனக்குத் தெரியாதா?"

"என்ட பேர ஆரும் எழுதி நான் கண்டதில்ல அக்கா. அவர் எழுதிறதப் பாத்துக்கிட்டு நிண்டன். மறந்துட்டன்."

மறந்துட்டானாம். கேட்டீங்களா? சின்னனில இரிந்து அக்கா அக்கா எண்டு என்ட காலச் சுத்தினவன், அந்த ஒரு நிமிசம் மறந்துட்டான். நான் அவன ஏசின ஏச்சு அந்தக் கடலுக்கே கேட்டிரிக்கும். போய் மாத்திட்டு வா எண்டன். அடுத்த நாள் வெள்ளச் சட்டை போட்டுக்கிட்டு கச்சேரியில பெரிய ஆபீசரப் பாக்கப் போனான். காலமை போனவன் பொழுது பட்டு வந்து, நாட்டுப் படம் அச்சுக்குப் போயிட்டாம் அக்கா, இனி ஏலாதாம் எண்டான். போனானோ, இல்ல சந்தியில தேத்தண்ணி குடிச்சிட்டு இரிந்துட்டு வந்தானோ, ஆர் கண்டது?

மறுகா திறப்பு விழா. பந்தல், கொடி, பள்ளிக்கூடப் புள்ளைகள் எல்லாம் வந்து வரிசையா நிண்டாங்க. இவனுக்கு மாலை. பெரிய ஆக்களுக்கு நடுவில இவன் நிக்கான், அதே வெள்ளச் சட்டையோட, கைய எங்க வைக்கிறதெண்டு தெரியாம. என்ன ஒரு பிளாஸ்டிக் கதிரையில பின்னால இருத்தி, கையில ஒரு சோடாவத் தந்தாங்க. என்ட காணிக்குள்ள. என்ட தென்னைக்குக் கீழ. நான் விருந்தாளி. சோடா தந்த பொடிச்சி கேட்டாள், நீங்க அவருக்கு என்ன முறை அம்மா எண்டு.

அண்டைக்கு நினைச்சன் மகள். இந்தக் கல்ல நான் கடலுக்குள்ள அனுப்பாட்டி நான் என்ட அம்மாட புள்ளை இல்ல.

தேத்தண்ணி ஆறுது, குடிங்க. சீனி காணுமா?

இப்ப இந்த ஆத்தப் பாருங்க. இது கடலோட சேராது. நடுவில மணல் திட்டி கிடக்கு. மாரியில வெள்ளம் வந்து வயலுக்குள்ள ஏறினா, வெள்ளாமைக்காரங்க வந்து திட்டிய வெட்டித் தண்ணியக் கடலுக்கு விடுவாங்க. ஒரு முழ அகலத்தில ஒரு வாய்க்கால் வெட்டினாப் போதும். மறுகா வெள்ளமே அத அகலமாக்கிக்கிடும். எப்பவும் வெட்டுறது தெக்கால, அந்தத் தண்ணிக்குள்ள நிக்கிற கண்ணாக் காட்டுப் பக்கம். அங்க வெட்டினா ஒருத்தருக்கும் சேதமில்ல.

ஆனா வெட்ட முந்தி வட்டவிதானை வெத்திலைத் தட்டத்தோட என்னட்ட வரணும். வட்டவிதானை எண்டா வயல்காரங்கட தலைவர். கரைக் காணிக்காரி கை காட்டுற இடத்திலதான் முதல் வெட்டு விழணும். அது அம்மாட காலத்துக்கு முந்தியே உள்ள பழக்கம். மரியாதைக்குக் கேக்கிறது. நாங்களும் மரியாதைக்குத் தெக்கால எண்டு காட்டுறது. வெத்திலைய எடுக்கிறது, அவங்க போறது. அவ்வளவுதான்.

அந்த மாரி சரியான மழை. வட்டவிதானை சாக்கு ஒண்டத் தலையில போட்டுக்கிட்டு வந்தார். பின்னால மண்வெட்டியோட ஒரு கூட்டம். தட்டத்த நீட்டி, "தங்கச்சி, தெக்கால வெட்டட்டா?" எண்டார்.

"இல்லண்ண," எண்டன். "வடக்கால. முனைக்குக் கிட்ட."

மனிசன் திகைச்சிட்டார். "அங்க உங்கட தென்னையெல்லோ நிக்கிது."

"என்ட தென்னை, என்ட காணி. கை காட்டச் சொன்னீங்க, காட்டிட்டன்."

வயல் தாழுது, அவருக்கு நிண்டு கதைக்க நேரமில்ல. என்ன மீறி வேற இடத்தில வெட்டவும் அவருக்கு மனம் வராது. அதுக்குள்ள ஆரோ ஓடிப் போய் இவனுக்குச் சொல்லியிரிக்காங்க. தோணியப் போட்டுக்கிட்டு ஆத்தக் கடந்து வந்துட்டான்.

"அக்கா, இஞ்ச வெட்டினா ஆறு இஞ்சாலயே கிறுகிப் பாயும். தென்னை நிக்காது. புள்ளைட காணி அக்கா."

"கல்லு நிக்குமா?"

தண்ணியப் பாத்தான். கல்லப் பாத்தான். அவனுக்குப் பொய் சொல்ல வராது. "நிக்காது," எண்டான்.

"அப்ப மண்வெட்டிய வாங்கு. முதல் வெட்டு நீ வெட்டு."

சனமெல்லாம் பாத்துக்கிட்டு நிக்கிது. வட்டவிதானை, வேணாம் தங்கச்சி எண்டார். நான் அவர்ட முகத்தப் பாக்கல்ல, இவன்ட முகத்தத்தான் பாத்தன். வாங்கினான். குனிஞ்சு வெட்டினான். முகத்தால வழிஞ்சது மழையோ கண்ணீரோ எனக்குத் தெரியாது. பாக்க எனக்கு நல்லா இரிந்திச்சு. உங்களுக்கு ஒளிக்க என்ன இரிக்கு மகள், அப்பிடி ஒரு சந்தோசம் என்ட கலியாணத்தண்டைக்கும் எனக்கு வரல்ல.

பின்னேரத்துக்குள்ள அந்த ஒரு முழ வாய்க்கால் தோணி போற அகலத்துக்கு வந்திட்டு. கதிரையப் போட்டு, குடையப் பிடிச்சுக்கிட்டு நான் இரிந்து பாத்தன். அண்டைக்கு என்ன இருத்தின மாதிரி ஒரு பிளாஸ்டிக் கதிரைதான். கல்லு முதல்ல சரிஞ்சிச்சு. மறுகா ஒரு பக்கமா இறங்கிச்சு. மூண்டு மொழியும் ஒண்டுக்குப் பின்னால ஒண்டாத் தண்ணிக்குள்ள போச்சு. கடைசியா அவன்ட பேர்ட முதல் எழுத்து மட்டும் கொஞ்ச நேரம் தெரிஞ்சிச்சு. அதுவும் போச்சு. சோடா ஒண்டு இரிந்திரிந்தா உடைச்சிக் குடிச்சிரிப்பன்.

மறுகா தென்னை. ஒண்டு விழுந்திச்சு, அடுத்தது விழுந்திச்சு. நான் எண்ணல்ல. போறது போகட்டும். தென்னை நட்டா வளரும். கல்லு வளராது எண்டு நினைச்சன்.

தண்ணி வீட்டுக்கு வரும் எண்டு மட்டும் நான் நினைக்கல்ல. வந்திட்டு. முழங்கால், மறுகா இடுப்பு. இவன் வந்து முதல்ல நிரோஜாவத் தூக்கித் தோணியில விட்டான். மறுகா என்ன வந்து தூக்கினான். நான் வரமாட்டன் எண்டு கதவு நிலையப் பிடிச்சன். அவன் கட்டின வீடுதானே, எந்த இடத்தில பிடிச்சா கை விடும் எண்டு அவனுக்குத் தெரிஞ்சிரிக்கு. என்ன மூட்டை மாதிரித் தோள்ல போட்டுக்கிட்டு நடந்தான். ஏன் தெரியுமா? ஊர் பாக்க. பாருங்க, என்ன அழிச்ச அக்காவ நான் காப்பாத்துறன் எண்டு ஊர் பாக்க. எனக்கு விளங்காதா? அவன்ட தோள்ல நல்லாக் கடிச்சன். விடல்ல. அந்தத் தழும்பு இப்பவும் கிடக்காம், கனகம் சொல்லித் திரியிறாள்.

தண்ணி இறங்கின பொறகு வந்து பாத்தா, வீடு நிக்கிது. தோட்டம் இல்ல. நேத்து வரைக்கும் தென்னை நிண்ட இடத்தில கடல் நிக்கிது. பரவாயில்ல எண்டன். கல்லும் இல்லைதானே.

நிரோஜாட மாப்பிள்ளை பகுதி வந்து பாத்தாங்க. பொடியன் நல்ல பொடியன், தென்னை இல்லாட்டியும் இவளைத்தான் முடிப்பன் எண்டு நிக்கான். ஆனா தாய் கெட்டிக்காரி. சுத்திப் பாத்துட்டு, "அடுத்த மாரி கழியட்டும். வீடு நிண்டா தை மாசம் கலியாணத்த வைப்பம்" எண்டாள். அவளையும் குறை சொல்ல ஏலா. வீடில்லாத பொம்புளப் புள்ளைய எங்கட பக்கம் ஆர் எடுப்பாங்க?

பங்குனியில அதே சர்வேயர் ஐயா திரும்ப வந்தார். நான் சந்தோசமா வரவேற்றன். உங்கட கல்லு போயிட்டு ஐயா எண்டு நானே முந்திச் சொன்னன். தெரியும் அம்மா, திருப்பி அளக்கத்தான் வந்த எண்டார். நல்ல மனிசன். தமிழ் கொஞ்சம் தடக்கித் தடக்கிக் கதைப்பார்.

நான் கேட்டன், மேற்கு அந்தத்தில ஆர்ட பேர் வச்சிரிக்கீங்க எண்டு. அது ஆளில்லாத் தீவு அம்மா, முந்தியே அதுக்கு ஒரு பேர் இரிந்தது, அதையே வச்சிட்டம் எண்டார். அங்க ஆர் இரிக்கா எண்டு கேட்டன். கடல் குருவிதான் எண்டார். சண்டை வரல்லையா எண்டன். குருவி என்ன சண்டை பிடிக்கிறது எண்டு சிரிச்சார். இவன்ட பேரக் கொண்டு போய் அங்க வச்சிரிக்கலாமே ஐயா எண்டன். அந்த அந்தம் இந்த அந்தத்துக்கு எவ்வளவு தூரம், எனக்கு எவ்வளவு நிம்மதி. அவர் நான் பகிடி விடுறன் எண்டு நினைச்சிட்டார்.

அளந்தார். முக்காலி, பெட்டி, வானம், எல்லாம் பழையபடி. முனையில தொடங்கி, அளந்து அளந்து, கொஞ்சம் கொஞ்சமா இஞ்சால வந்தார். வேலியக் கடந்தார். என்ட கோழிக்கூட்டுக்குக் கிட்ட வந்தார். குசினிக்குப் பின்னால வந்து நிண்டார். தோட்டத்தக் கடல் திண்ட பொறகு, வீட்டுக்காக மண் போட்டு உயர்த்தின இந்த மூலைதான் இப்ப முன்னுக்கு நிக்கிதாம். இதுதான் அம்மா கிழக்கு அந்தம் எண்டார்.

ஒரு நிமிசம் எனக்கு மயிர் கூச்செறிஞ்சிட்டு. என்ட வளவுக்குள்ளயே வந்திட்டு. இனி ஆர் மறைக்கிற? அப்ப என்ட பேரப் போடுங்க ஐயா, யோகம்மா முனை எண்டு போடுங்க எண்டன்.

அவர் தொப்பியக் கழட்டிட்டார். பேர் அச்சாகிட்டு அம்மா. பள்ளிக்கூடப் புத்தகத்திலயும் வந்திட்டு. முனை எங்க போகுதோ பேரும் அங்க போகும். ஒரு அந்தத்துக்கு ஒரு பேர்தான்.

கேட்டுக்கிட்டு இவனும் வேலிக்கு அங்கால நிண்டான். உள்ளுக்கு வந்து அந்த ஐயாவக் கும்பிட்டு, "என்ட பேர வெட்டிட்டு அக்காட பேரப் போடுங்க ஐயா" எண்டான். எப்பிடி நடிப்பு? ஏலாதெண்டு தெரிஞ்ச பொறகு கேக்கிறதுக்கு என்ன கஷ்டம்? அண்டைக்கு முனையில நிண்ட நேரம் அந்த வாய் எங்க போச்சு?

குழி வெட்டினாங்க. நான் குழிக்குள்ள இறங்கிச் சப்பாணி கட்டி இரிந்துட்டன். பாவம், அவங்களுக்கும் பசி. முருங்கைக்குக் கீழ போய் இரிந்து சோத்துப் பார்சலப் பிரிச்சாங்க. திண்டு முடிஞ்சு, கை கழுவி, கொஞ்சம் கண்ணயர்ந்தும் எழும்பிட்டாங்க. ஒரு மனிசி எவ்வளவு நேரம் குழிக்குள்ள இரிக்கிறது? அடுப்பில நான் கிழங்கு வச்சிரிந்தன், தீயிற மணம் வந்திச்சு. எழும்பி ஓடினன். சட்டிய இறக்கிட்டு வந்து பாக்கிறன், கல்லு நிக்கிது.

குசினி யன்னலத் திறந்தா அவன்ட பேர். காலமை முகம் கழுவ வந்தா அவன்ட பேர். விடிய வெயில் எழும்பினா அந்தக் கல்லுட நிழல் என்ட அடுப்படி வரைக்கும் வந்து கிடக்கு. ஊரெல்லாம் இரிந்து ஆக்கள் வந்து, தருமரெத்தினம் ஐயாட வீடு இதுவா எண்டு என்னட்டக் கேக்கிறாங்க. பாத்தீங்களா, என்ட வாயாலயும் வந்திட்டு.

இவன் பொழுது படுற நேரம் வருவான். உள்ளுக்கு வாறதில்ல, நான் வரச் சொன்னதும் இல்ல. வேலிக்கு வெளிய நிண்டு கல்லப் பாப்பான். வாசிக்க வராது அவனுக்கு. தன்ட பேர்ட உருவம் மட்டும் தெரியும். பாத்துட்டு, வேலிக் கம்பில ரெண்டு மீன் கோத்து வச்சிட்டுப் போவான். நான் நாய்க்குப் போட்டுருவன். விலை கூடின அறக்குளா எண்டா மட்டும் கறி வைக்கிறது. அது நாய்க்கு ஒத்து வராது.

இப்ப கார்த்திகை. வானத்தப் பாருங்க, வடகிழக்கால எப்பிடிக் கறுத்துக் கிடக்கெண்டு. ஆறு முட்டிட்டு. நாளைக்கோ மறுநாளோ வட்டவிதானை வெத்திலைத் தட்டத்தோட வந்துருவார். இந்த முறை கை காட்டுற இடம் எனக்குத் தெரியும். எழும்பி இஞ்ச வாங்க, காட்டுறன். இந்தக் குசினிக்கும் கல்லுக்கும் நடுவால. இதால வெட்டினா ஒரு இரவு தாங்காது. கல்லு அடியோட போகும்.

வீடா? வீடும் போகும்தான்.

நேத்து நிரோஜா வந்தாள். அவள் இப்ப மாமன் வீட்டோடதான், கனகத்தோடதான் ஒட்டு. வாசல்ல நிண்டுக்கிட்டு, "அம்மா, தெக்கால காட்டுங்க. உங்கட காலப் பிடிக்கிறன், தெக்கால காட்டுங்க. தை வரைக்கும் வீடு நிக்கட்டும்" எண்டு அழுதாள். கலியாணம் எப்பவும் முடிக்கலாம் புள்ளை எண்டு சொன்னன். இந்த மாரிய விட்டா, அந்தக் கல்லு என்ட குசினியிலயே வேர் விட்டுரும் எண்டு சொன்னன். விளங்கல்ல அவளுக்கு. "உங்களுக்கு அந்தப் பேர் மட்டும்தான் அம்மா தெரியிது" எண்டுட்டுப் போயிட்டாள். எனக்கு அவள்ட பேர் தெரியாதாம். நான்தானே வச்ச.

திருப்பி அளக்க வருவாங்கதான். வரட்டும். அதுக்குப் பொறகு முன்னுக்கு நிக்கிற நிலம் எதெண்டு நினைக்கிறீங்க? ஆத்துக்கு அங்கால, அந்த நீலத் தகரம். கனகத்துட வளவு. அங்க போய் நிக்கட்டும் அவன்ட பேர், அவன்ட பொஞ்சாதிட கோழிக்கூட்டுக்குப் பக்கத்தில. அதுக்கு நான் என்ன செய்யிற எண்டு அப்ப யோசிப்பன்.

சரி, படத்த எடுங்க. இல்ல, பொறுங்க, நான் கல்லுக்கு முன்னால நிக்கிறன். இன்னும் இஞ்சால வரட்டா? என்ட சீலையால பேர் மறையிதா? ரெண்டு பக்கமும் மறையிதா? அப்ப எடுங்க. கிழக்கு அந்தத்தில யோகம்மா எண்டு எழுதிப் போடுங்க.

அந்தா, வேலிக்கு அங்கால பாருங்க. கையில மீன். அவன்தான். நீங்க நிக்கிறதால கிட்ட வர வெக்கப்படுறான். நிக்கட்டும். நாளைக்கு முதல் வெட்டும் அவன்தான் வெட்டுவான். ஏன் அப்பிடிப் பாக்கிறீங்க? கட்டின கையால இடிப்பானா எண்டா? இடிப்பான் மகள். நான் சொன்னா இடிப்பான். நான் சொல்லி அவன் ஒரு நாளும் மாட்டன் எண்டதில்ல.